நாலு பேர் நிற்கிற அறை

பானுப்பிரியா கூடத்துக்குள் காலை வைத்தாள். உடனே சுப்புத்தாய் கையிலிருந்த ஜிப்சம் போர்டைச் சுவரில் சாய்த்துவிட்டு வெளியே நடந்தாள்.

"எங்கக்கா போறீக?"

"அதான் நீங்க வந்துட்டீகள்ல" என்று சொல்லி, சுப்புத்தாய் வேப்பமர நிழலில் போய் உட்கார்ந்தாள். அங்கே ஏற்கெனவே மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள்.

பானு சொந்தமாக எடுத்த முதல் ஆர்டர் இது. ஆமத்தூரில் பாண்டிச்செல்வம் ரத்தப் பரிசோதனை நிலையம் திறக்கிறார். நீளமான கூடத்தின் நடுவில் ஜிப்சம் போர்டால் ஒரு சுவர் எழுப்ப வேண்டும். ஞாயிற்றுக்கிழமை திறப்பு. சிவகாசியில் பளபளவென்று அடித்த பத்திரிகை ஊரெல்லாம் போய்விட்டது. சனிக்கிழமை சாயங்காலம் வேலையை முடித்துத் தருவதாகப் பானு சொல்லியிருந்தாள். சொன்னபடி முடித்தால் மாடி வேலையும் அவளுக்கு. இல்லையென்றால் அது மதுரைக்காரக் கம்பெனிக்கு.

போர்டை மாட்டத் தெரிந்த கதிரவன் ஒருவன். கூடமாட வேலை செய்ய நாரணாபுரத்திலிருந்து ஆறு பெண்கள். தீபாவளி முடிந்து பட்டாசுக் கம்பெனி பூட்டிக் கிடப்பதால் வந்தவர்கள். ஏழு பேருக்கு எத்தனை நாள் என்று பெருக்கி வகுத்துத்தான் பானு நாள் குறித்திருந்தாள். கணக்கில் பிழை இல்லை. கூடத்துக்குள்தான் ஏழு பேர் வரவில்லை.

பட்டாசுக் கம்பெனியில் ஓர் அறைக்குள் நாலு பேருக்கு மேல் கூடாது, செல்போனும் கூடாது. அது அந்தப் பெண்களின் உடம்பில் ஊறிய வழக்கம். வந்த அன்றே செல்போன்களை வாசலில் ஒரு வாளியில் போட்டார்கள். கதிரவனோடு மூன்று பேர் உள்ளே போனார்கள். மீதிப் பேர் மரத்தடியில் உட்கார்ந்தார்கள். பானு மேற்பார்வைக்கு உள்ளே போகும்போதெல்லாம் ஒருத்தி எழுந்து வெளியே வந்தாள்.

"இது வெடிமருந்து இல்லக்கா. பத்த வச்சாலும் லேசுல பத்தாது" என்றாள் பானு, மூத்தவளான இருளம்மாளிடம்.

"தெரியும் தாயி. போன வருசம் ஒரு ரூம்ல ஆறு பேர உக்கார வச்சாங்க. அந்த ரூமே இப்ப இல்ல."

பானு வெளியே போய் நின்றாள். சுப்புத்தாய் உள்ளே போனாள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் பாண்டிச்செல்வம் மச்சினனோடு வந்து நேரே உள்ளே நுழைந்தார். இரண்டு பெண்கள் வெளியேறினார்கள். கதிரவன் ஒரு போர்டைத் தலையால் முட்டுக்கொடுத்தபடி, "யக்கா, ஆளு! ஆளு!" என்று கத்தினான்.

"ஏம்மா, இம்புட்டுப் பேர வெளிய குந்த வச்சிருக்கீக. நாளான்னைக்குத் திறப்பும்மா!" என்றார் பாண்டிச்செல்வம்.

"முதல்ல நீங்க வெளிய வாங்கண்ணாச்சி, வேலை நடக்கும்."

சாயங்காலம் சுவரின் முன்பக்கம் மட்டும் போர்டு மாட்டி முடிந்திருந்தது. இன்னும் பின்பக்கம் முழுக்கப் போர்டு மாட்ட வேண்டும். இரண்டு பக்கமும் இடைவெளிகளில் தாள் ஒட்டிப் பட்டி பார்க்க வேண்டும். இப்படியே போனால் திங்கட்கிழமை ஆகிவிடும். மரத்தடியில் நின்று வாசல் வழியாக அந்த வெள்ளைச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்த பானு சட்டென்று கேட்டாள்.

"இருளக்கா, அது செவுருதான?"

இருளம்மாள் உள்ளே போய் விரல் முட்டியால் தட்டிப் பார்த்தாள். மேலே, கீழே, ஓரத்தில் எங்காவது சந்து இருக்கிறதா என்று பார்த்தாள்.

"செவுருதான். ரெண்டு பக்கமும் தனி வாசல் இருக்கா?"

"முன்னால ஒண்ணு, பின்னால ஒண்ணு."

இருளம்மாள் மரத்தடியைப் பார்த்துக் குரல் கொடுத்தாள். "ஏ புள்ளைகளா, எந்திரிங்க. இது ரெண்டு ரூமு!"

சனிக்கிழமை காலையில் கதிரவனும் மூன்று பேரும் பின்பக்கம் போர்டு மாட்டினார்கள். முன்பக்கம் இருளம்மாளும் இரண்டு பேரும் தாள் ஒட்டினார்கள். வெடிக்குத் தாள் சுற்றிய கைகள்; ஒரு சுருக்கம் விழவில்லை.

"அங்கன என்ன, தூங்குறீகளா?" என்று சுவருக்கு அந்தப் பக்கமிருந்து சுப்புத்தாய் கத்தினாள்.

"உன் போர்டு கோணலா இருக்குடி, இங்கன வரைக்கும் தெரியுது!" என்றாள் இந்தப் பக்கம் தாள் ஒட்டிய ஒருத்தி.

இருளம்மாள் வாசலில் நின்ற பானுவைப் பார்த்தாள். "தாயி, இந்த ரூம்ல ஓர் ஆள் குறையுது. சும்மாதான நிக்கிறீக?"

பானு செல்போனை வாளியில் போட்டுவிட்டு உள்ளே போனாள். யாரும் வெளியே போகவில்லை. பட்டித் தகட்டைக் கையில் எடுத்தாள்.

வெயில் தாழும்போது பாண்டிச்செல்வம் வந்தார். கடைசியாகத் தேய்த்துத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். இருளம்மாள் வாசலை மறித்தாள்.

"ரெண்டு ரூமும் ஃபுல்லு அண்ணாச்சி. சன்னல் வழியா பாத்துக்கிடுங்க."

அவர் சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு தன் புதுச் சுவரை வெகுநேரம் பார்த்தார். பிறகு சாவிக்கொத்தை உள்ளே நீட்டினார்.

"மாடி சாவியும் இதுலதான் இருக்கு. அதுக்கு எம்புட்டு நாளாகும்மா?"

பட்டி அப்பிய கையால் பானு அதை வாங்கிக்கொண்டாள்.

"மாடியில எத்தனை ரூமு, எத்தனை வாசல்னு சொல்லுங்கண்ணாச்சி. நாளைச் சொல்றேன்."