செவெரினோ பாலொமார் எடுத்த நாற்பத்தொரு புள்ளிகள்

1

ஆர்னெல் சுமாகாய்சாய் எனக்கு ஆயிரத்து நூற்றைம்பது பெசோ தர வேண்டும். இருபத்தாறு வருடமாகத் தர வேண்டும்.

இதைக் கதையென்று நான் ஆரம்பிக்கவில்லை. பள்ளிக்கூடத் தலைமையாசிரியை ஒருவருக்கு அரைப் பக்கச் சாட்சிக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். அது அரைப் பக்கத்தில் நிற்கவில்லை. நாற்பத்தேழு வயதில் எழுத்துப் படித்தவன் நான். அதுவரை துறைமுகத்தில் மூட்டை தூக்கியவன்; மூட்டையென்றால் எங்கே இறக்குவது என்று தெரியும்.

2

முதல் தொடக்கம்: ‘இலோய்லோ நகரத்தில் ஒரு கல்லூரி இருந்தது. அதன் கூடைப்பந்து அணியில்

இல்லை. கல்லூரியைப் பற்றி எனக்கென்ன தெரியும்? விடுதிச் சமையலறைக்கு அரிசி இறக்கப் போவேன், அவ்வளவுதான்.

இரண்டாவது: ‘தொண்ணூற்று மூன்றில் நான் முதலில் கேட்டது அவனுடைய ஷூ சத்தத்தை.’ இது உண்மை. மூட்டையை இறக்கிவிட்டு ஆட்டக்கூடத்துக் கம்பி ஜன்னலில் முகத்தை வைத்து நிற்பேன். மரத்தரையில் ஷூ கீச்சிடும். இருபத்தொரு வயது ஆர்னெல் பந்தைத் தட்டிக்கொண்டே வந்து, திரும்பிப் பார்க்காமல் பக்கத்து ஆளுக்குத் தள்ளுவான். வேர்வையும் தரை மெழுகும் கலந்த அந்த வாசனை இப்போதும்

(இப்போதும் என்ன? வாசனையை எழுதத் தெரியவில்லை. விட்டுவிடுகிறேன்.)

ஆடுகிறவரை அவனுக்குப் படிப்பு, கட்டில், மூன்று வேளைச் சோறு எல்லாம் இலவசம். அந்த வருட இறுதி ஆட்டத்தில் குதித்து இறங்கும்போது இடது முழங்கால் மடங்கிவிட்டது. பருவம் முடிந்ததும் கட்டிலை வேறொருவனுக்குக் கொடுத்துவிட்டார்கள். படிப்பும் நின்றது. துறைமுகத்தில் எங்கள் மூட்டைகளை எண்ணிக் குறிக்கிற வேலைக்கு வந்து சேர்ந்தான்.

ஜன்னல் விஷயத்தை அவனிடம் சொன்னேன்.

“அது நீங்கதானா நோங்? மணிலாலேர்ந்து ஆளெடுக்க வந்தவர்னு நெனச்சு, உங்களுக்காகவே ரெண்டு பாஸ் முதுகுக்குப் பின்னால போட்டேன்” என்றான். வயதில் மூத்தவனென்று நான் அவனுக்கு எப்போதும் ‘நோங்’தான்.

3

தொண்ணூற்றெட்டு. எங்கள் பரங்காயின், அதாவது எங்கள் வட்டாரத்தின், திருவிழாக் கூடைப்பந்துப் போட்டியில் அங்கே குடியிருப்பவர்கள்தான் ஆடலாம். ஆனாலும் எல்லாப் பரங்காயும் கூலிக்கு வெளியாளை இறக்கும். அதற்குத் தேவை உள்ளூர்க்காரன் ஒருவனின் வசிப்பு வரிச்சீட்டு. ஆர்னெல் குடியிருந்தது ஆற்றுக்கு அந்தப் பக்கம். முழங்கால் ஓரளவு தேறியிருந்தது.

“உங்க பேர ஒரு மாசத்துக்குக் குடுங்க நோங். அழுக்காக்காம திருப்பித் தந்துடறேன்.”

ஆட்டத்துக்கு நூற்றைம்பது எனக்கு என்று பேச்சு. ஒன்பது ஆட்டம். முதல் நாள் இருநூறு தந்தான்.

இறுதி ஆட்டத்தில் நாற்பத்தொரு புள்ளி. ஒவ்வொரு கூடைக்கும் ஒலிபெருக்கியில் ‘செவெரினோ பாலொமார்’ என்று அறிவிப்பாளன் கத்துகிறான். நான் கூட்டத்தில் நிற்கிறேன், கையில் அவித்த கடலை. (நல்ல கதாபாத்திரம் இந்த இடத்தில் தலைகுனிய வேண்டும். அப்படி எழுதிப் பார்த்தேன், பொய்யாக இருந்தது. நான் கை தட்டினேன்.)

கடைசி நிமிடத்தில் அதே முழங்கால் போயிற்று. இந்த முறை தேறவேயில்லை. ஆட்டக்கூலி முழுக்க மருத்துவருக்குப் போனது. சிறந்த ஆட்டக்காரர் கோப்பையில் என் பேர் வெட்டியிருந்ததால் அது என் வீட்டுக்கு வந்தது.

அன்றைக்குத் தெருவுக்கே உண்மை தெரியும். பிறகு பழைய ஆட்கள் போய்ப் புதுக் குடித்தனங்கள் வந்தன. வந்தவர்கள் கோப்பையைப் படித்தார்கள். மகளுக்குச் சம்பந்தம் பேச வந்தவர்கள் முதலில் கையில் எடுத்துப் பார்த்ததும் அதைத்தான். நான் ஆமாம் என்று சொன்னதில்லை. இல்லை என்றும் சொன்னதில்லை. (மழைக்காலத்தில் முழங்காலைத் தடவிக்கொள்வேன். இந்த வரியை அடித்துவிடப் பார்த்தேன். இருக்கட்டும்.) எழுத்துப் படித்தபோது நான் முதன்முதலாகக் கூட்டிப் படித்த என் பேர் அந்தக் கோப்பையில் இருந்ததுதான்.

4

போன வாரம் ஆர்னெல் வாசலில் தன் வாடகை மோட்டார் டிரைசிக்கிளை நிறுத்திவிட்டு நொண்டிக்கொண்டு வந்தான். இருபது வருடமாக அதைத்தான் ஓட்டுகிறான். பெண்கள் பள்ளி ஒன்றில் கூடைப்பந்துப் பயிற்சியாளர் வேலை இருக்கிறதாம். ஆடியதற்கு அத்தாட்சி கேட்கிறார்களாம். கல்லூரிக் காகிதங்கள் வெள்ளத்தில் போய்விட்டன. மிச்சமிருக்கும் ஒரே அத்தாட்சி என் அலமாரி மேல் நிற்கிறது, என் பேரோடு. அது என் ஆட்டமில்லை என்று நான் எழுதி, பரங்காய் அலுவலகத்தில் முத்திரை வாங்கித் தர வேண்டும். அங்கே எழுத்தர் எதையும் உரக்கப் படித்துவிட்டுத்தான் முத்திரை போடுவார். வரிசையில் நிற்கிறவர்கள் எல்லாரும் கேட்பார்கள்.

அவன் கெஞ்சவில்லை. “முடியலன்னா பரவால்ல நோங். ஒரு தடவ தூக்கிப் பாத்துக்கறேன்” என்று கோப்பையைத் தூக்கினான். “இவ்ளோ லேசாவா இருக்கு” என்றான்.

என் மனைவி லோர்னா காபியை வைத்தாள். இத்தனை வருடம் அதற்குத் தூசி தட்டியவள் தான்தான், தன்னிடம் யாரும் எதுவும் கேட்கவில்லையே என்றாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

“எழுதிக் குடு. உனக்குப் பந்தத் தட்டக்கூடத் தெரியாதுன்னு தெரிஞ்சுதானே கட்டிக்கிட்டேன்.”

5

முடிவுகள். ஒன்று: அவனுக்கு வேலை கிடைக்கிறது, அந்தப் பெண்கள் திரும்பிப் பார்க்காமல் பந்து தள்ளக் கற்றுக்கொள்கிறார்கள். இரண்டு: இரண்டு கிழவர்களின் ஏமாற்று என்று தலைமையாசிரியை கடிதத்தைத் திருப்பித் தருகிறார். மூன்றாவதில், ஆர்னெல்

மூன்றாவது எனக்கு வரவில்லை. தலைமையாசிரியை திங்கட்கிழமைதான் படிப்பார். அவருக்கு முன்னால் நீங்கள் படிக்கிறீர்கள். அவர் நாற்காலியில் உட்கார்ந்து நீங்களே முடிவு செய்யுங்கள்.

எனக்குத் தெரிந்தது இன்று காலை வரைதான். எழுத்தர் படித்தார்: ‘செவெரினோ பாலொமார் ஆகிய நான் இறுதி ஆட்டத்தில் ஒரு புள்ளியும் எடுக்கவில்லை. நாற்பத்தொன்றும் ஆர்னெல் சுமாகாய்சாய் எடுத்தவை.’ வரிசையில் யாரோ சிரித்தார்கள். பின்வீட்டுக்காரர் என்னைப் பார்க்காமல் தரையைப் பார்த்தார். முத்திரை விழுந்தது.

வெளியே வந்ததும் ஆர்னெல் சட்டைப் பையிலிருந்து மடித்த நோட்டுகளை எடுத்து நீட்டினான். எண்ணிப் பார்க்க வேண்டாம், சரியாக இருக்கிறது என்றான்.

“உங்க பேருக்கு வாடக நோங்.”

“வாடகைக்கு இருந்தது நான்டா” என்று சொல்லிப் பணத்தை அவன் பையிலேயே திணித்தேன். அவன் வண்டியைக் கிளப்பினான். கோப்பை அவன் மடியில் இருந்தது. கடன் அத்தோடு ஒழிந்தது.