நேத்துக்குழியில் வந்த அரைஞாண்

வாழவந்தி நாட்டுக்கு மேற்கே, பாறை பிளந்த இடத்தில் நேத்துக்குழி இருந்தது. இன்றைக்குப் போய்த் தேடாதீர்கள், கால்தான் வலிக்கும். இந்தக் கதையின் கொல்லிமலையில் மட்டும்தான் அது உண்டு. ஆடிப் பதினெட்டன்று அதில் ஒரு பொருளைப் போட்டால், அது போன வருஷத்து ஆடிப் பதினெட்டுக்குப் போய்ச் சேரும். வெள்ளைக்காரன் கையில் கிடைத்திருந்தால் என்னென்ன செய்திருப்பானோ! மலைக்காரர்கள் வீட்டுக்கு ஒரு சாமைக் கதிரை, அவரவர் முடிச்சுப் போட்டு உள்ளே போட்டார்கள். மணிக்கதிர் வந்தால் அந்த வருஷம் சாமை விதைப்பது, பதர் வந்தால் யோசிப்பது. அவ்வளவோடு சரி.

அந்த ஆடியில் கண்ணாயி குழிக்குள் கைவிட்டாள். அவள் வீட்டுக் கதிர் இல்லை. அரைஞாண் ஒன்று வந்தது.

சிவப்புக் கயிறு, வெள்ளித் தாயத்து. அவள் மகன் மாணிக்கத்துடையது. கயிறு கத்தியால் அறுக்கப்பட்டிருந்தது. தாயத்தில் ஒரு பல் தடம் பதிந்திருந்தது. மாணிக்கமோ அவள் இடுப்பில் உட்கார்ந்து, பல் முளைக்காத வாயால் சிரித்துக்கொண்டிருந்தான். அவன் அரையிலும் அதே கயிறு, அறுபடாமல்.

அந்த நாட்டில் புது அரைஞாண் கட்டிய பிறகுதான் பழையதை அவிழ்ப்பார்கள். கத்தியால் அறுப்பது பாடையில் வைக்கும்போது மட்டும்தான். கண்ணாயி பாறைமேலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"அதக் குழி தோண்டிப் பொதச்சுப்போடு. யாருகிட்டயும் மூச்சு உடாதே" என்றான் புருஷன் சென்றாயன். பயந்த ஆம்பளை வேறென்ன சொல்வான்? அவள் புதைக்கவில்லை, சாமைப் பானைக்குள் ஒளித்து வைத்தாள்.

பையன் இருமினால் ராத்திரி முழுக்க மடியில் வைத்து விழித்திருந்தாள். முதல் பல் முளைத்தபோது ஊரே கொஞ்சியது, அவள் மட்டும் போய்ப் பானையைத் திறந்து பார்த்தாள். ஒருநாள் அவன் குனிந்து, கயிற்றை இழுத்துத் தாயத்தைக் கடித்துக்கொண்டிருந்ததைப் பார்த்து வாயிலிருந்து விடுவித்தாள். பல் தடம் பதிந்துவிட்டது. பானைக்குள் இருந்ததை எடுத்துப் பக்கத்தில் வைத்தாள். அதே இடம், அதே பள்ளம். இதே கயிறுதான் குழிக்குள் போகப்போகிறது என்பதில் அவளுக்கு இருந்த கொஞ்சநஞ்சச் சந்தேகமும் போயிற்று.

மறுநாளே பானையில் இருந்ததை மடியில் முடிந்து, பையனைத் தூக்கிக்கொண்டு சோளக்காட்டுச் சந்தைக்கு நடந்தாள். அங்கே மிளகு வியாபாரி நசீர் அகமதுவின் மகன் ஜாபர் உசேன் இருந்தார். திருச்சியில் பௌதிகம் படித்தவர். வருஷா வருஷம் ஆடிப் பதினெட்டுக்கு அடிவாரத்திலிருந்து மலையேறி, நேத்துக்குழியைச் சோதித்துச் சோதித்து, 'வளையக் கோட்பாடு' என்று ஒன்றைக் கண்டுபிடித்து வைத்திருந்தார். படித்தவர்கள் சிரித்தார்கள். கண்ணாயிக்குச் சிரிக்க நேரமில்லை.

"ஏனுங்க சாயபு, இந்தக் குழிய ஏமாத்த வழி இருக்குதுங்களா?"

அவர் இரண்டு அரைஞாணையும் பார்த்தார்.

"ஏமாத்த முடியாதுங்க அக்கா. வந்தது போயே தீரும். போகலேன்னா அது வந்திருக்கவே முடியாது. இது மொத விதி."

"வந்ததையே திருப்பிப் போட்டுட்டா?"

"அப்படின்னா இதச் செஞ்சது யாரு? யாருமே செய்யாத பொருளாயிரும், அது நடக்காது. அதோட, பானையில கெடந்து கறுத்துப் போச்சு பாருங்க. வந்தப்ப இருந்த மாதிரி இல்லியே."

"அப்ப எம்பட மவன் செத்துருவான்னு சொல்றீங்க."

"அத நான் சொல்லலீங்க. ரெண்டாவது விதி ஒண்ணு இருக்குது. என்ன வருதுன்னுதான் குழி காட்டும், ஏன் வருதுன்னு காட்டாது. உங்கூரு ராசப்பன் ஊட்டுக்குப் பதர் வந்துச்சில்ல? அவரு காடு பூரா கேவுரு போட்டுட்டு, கல்லாங்காட்டு ஓரமா ஒரு கை சாமை மட்டும் வீசினாரு. அது பதராச்சு, அதக் கொண்டாந்து போட்டாரு. குழிக்குப் பதர் போயிருச்சு. ஊட்ல பட்டினி இல்லே."

கண்ணாயி பையனை இறுக்கிக்கொண்டாள். "அப்ப நான் கவுத்த அறுக்கோணும். செத்தப்பறந்தான் அறுக்கோணும்னு குழி சொல்லலே."

"ஆமாங்க" என்றார் ஜாபர். "ஆனா ஊரு ஒத்துக்குமான்னு எம்பட கணக்குக்குத் தெரியாது."

ஊர்க்கவுண்டர் கருப்பண்ணன் கல்நெஞ்சுக்காரர் இல்லை. துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டேதான் சொன்னார். "கவுறு அறுத்தா, அந்த ஊட்டுக்கு அவன் செத்தவன். செத்தவனுக்கு அந்த ஊட்ல சோறு போடக்கூடாது. அறுக்கறதுன்னா அறு ஆத்தா. அப்பறம் இந்த மலையிலயே வேற நாட்டுல யாருக்காச்சும் ஒரு மொறம் தவுட்டுக்குக் குடுத்துப்போடு. அவன் உம்பட மவன் இல்லே."

"பெத்ததத் தூக்கிக் குடுப்பயாடி?" என்று சென்றாயன் கத்தினான்.

"மண்ணுக்குக் குடுக்கறதுக்கு மனுசிக்குக் குடுக்கலாம்" என்றாள்.

ஆடிப் பதினெட்டு வந்தது. பாறையைச் சுற்றி ஊர் நின்றது. கதிரறுக்கும் கத்தியை அவள் பையனின் அரையில் வைத்தபோது, கூச்சத்தில் அவன் கெக்கலித்துச் சிரித்தான். ஒரே இழுப்பு. கயிறு குழிக்குள் போனது. பெண்கள் மாரடித்து ஒப்பாரி வைத்தார்கள், உயிரோடு சிரிக்கிற பிள்ளைக்கு. பெரக்கரை நாட்டிலிருந்து வந்திருந்த அத்தாயி, பிள்ளையில்லாதவள், ஒரு முறம் தவிட்டைக் கண்ணாயியின் மடியில் கொட்டிவிட்டுப் பையனைத் தூக்கிக்கொண்டாள். அப்போதுதான் அவன் "அம்மா" என்று அலறினான். கண்ணாயி திரும்பவில்லை. இழவு வீட்டில் யாரும் 'வாரேன்' சொல்லிக்கொள்வதில்லை. அத்தாயியும் சொல்லாமலே போனாள்.

வருஷங்கள் போயின. கண்ணாயிக்கு வேறு பிள்ளை பிறக்கவில்லை. கறுத்த அரைஞாண் மட்டும் பானையில் கிடந்தது. சோளக்காட்டுச் சந்தையில் தலை நரைத்த ஜாபர் உசேனைப் பார்த்தபோது, அத்தனை நாள் கேட்காமல் வைத்திருந்ததை அவள் கேட்டுவிட்டாள்.

"அறுத்ததுனால வந்துச்சா, வந்ததுனால அறுத்தனா? நான் பயப்படாம இருந்திருந்தா, எம்பட மவன் எங்கிட்டயே இருந்திருப்பானுங்களா?"

"வளையத்துக்கு ஆரம்பம் எதுன்னு சொல்ல முடியாதுங்க அக்கா."

"நல்லாப் படிச்சீங்க போங்க!" கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அழுகையும்தான்.

அப்போது மிளகு மூட்டையைத் தூக்கி வந்த ஒருவன் அவள் பக்கத்தில் இறக்கினான். மீசை அரும்பிய முகம், சென்றாயனின் நெற்றி. பின்னால் வந்த அத்தாயி, கண்ணாயியைக் கண்டு அப்படியே நின்றுவிட்டாள்.

"ஏனுங்க, மொளகு இங்கதான எடுக்கறாங்க?"

"ஆமா சாமி." முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "பேரென்ன கண்ணு?"

"தவிடனுங்க."

அதற்குமேல் கேட்க அவளுக்கு உரிமை இல்லை. ஜாபர் மிளகை அளந்தெடுக்கும்வரை அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் குனிந்தபோது அரையில் புதுக்கயிறு தெரிந்தது. காலிச் சாக்கை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, போகிற போக்கில் அவள் பக்கம் திரும்பினான்.

"வாரேனுங்க" என்றான்.

"வா கண்ணு" என்றாள் கண்ணாயி.