"மாமியார் ஊட்ல, சார்"

1

இந்தக் கதை என் காது செய்த தப்பிலிருந்து பிறந்தது. என் நாவலும் அப்படித்தான் பிறந்ததாம். அது போன ஞாயிற்றுக்கிழமைதான் தெரிந்தது.

கலீல் ரகுமான் கரையான்சாவடியில் பைக் சீட்டுக்கு உறை தைப்பவர். ஒரு கொலை வழக்கில் எட்டு வருடம் உள்ளே இருந்துவிட்டு வந்தவர். நாவலுக்காக ஒரு மாதம் அவர் கடையில் உட்கார்ந்து கதை கேட்டேன். "கத்திக்குத்து நடந்த வெள்ளிக்கிழமை எங்க இருந்தீங்க?" என்றதற்கு, "மாமியார் ஊட்ல, சார்" என்றார். விழுந்து விழுந்து சிரித்தேன். குத்திவிட்டு அன்றைக்கே ஜெயிலுக்குப் போனதை மனிதர் என்ன அழகாகச் சொல்கிறார் என்று குறித்துக்கொண்டேன்.

(நாவலில் எல்லோரும் மெச்சிய வரி அதுதான். எனக்கும் அதில் கொஞ்சம் தலைக்கனம்.)

2

இந்தப் பகுதியை முதலில் இப்படித் தொடங்கினேன்: "கத்தியைக் கழுவிய தண்ணீர் சாக்கடையில்..." வேண்டாம். அந்தக் கத்தியை நான் பார்த்ததே இல்லை.

நாவலை இயக்குநர் சரண் படமாக எடுக்கிறார். அந்த வரி வரும் காட்சியைப் படித்துக் காட்ட ஞாயிற்றுக்கிழமை இருவரும் கலீலின் பாரிவாக்கம் வீட்டுக்குப் போனோம். நாயகன் கத்தியைக் கீழே போட்டுவிட்டு, "மாமியார் ஊட்டுக்குப் போறேன்டா!" என்கிறான். தியேட்டரே விசிலடிக்கும் என்றார் சரண்.

டீ கொண்டுவந்த ராபியா, கலீலின் மனைவி, அப்படியே நின்றுவிட்டார்.

"இன்னா சார் இது? அன்னிக்கு இவரு எங்கம்மா ஊட்ல, நசரத்பேட்டைல இருந்தாரு. ஜும்மா முடிச்சிகினு வந்து பிரியாணி துன்னாரு. தால்ச்சால மாங்கா கூட போட்டிருந்தாங்க. அத்த எழுதலியா நீங்க?"

கலீல் டம்ளரைப் பார்த்தபடி சொன்னார்: "ஸ்டேஷன்லயும் இதான் சொன்னேன். 'இனிமேதான்டா போவப் போற'ன்னு சிரிச்சாங்க. நீங்களும் சிரிச்சீங்க. உட்டுட்டேன்."

"உங்க மாமியார் கோர்ட்ல வந்து சொல்லலையா?" என்றேன்.

"சொன்னாங்க. சொந்தக்காரி பேச்சுன்னு எடுபடல. நமக்குப் படிப்பு ஏறல சார், உங்க புக்க நான் படிக்கல. படம்னா எம் பொண்ணு ஜோயா பாக்கும். அத்தா குத்தலன்னு சொல்லித்தான் அவள வளத்தோம்."



3

(ஒருவேளை கலீல் பொய் சொல்கிறாரோ? அந்தக் கோணத்தில் ஓர் அத்தியாயம் யோசித்துப் பார்த்தேன். தால்ச்சாவில் கிடந்த மாங்காய் குறுக்கே நிற்கிறது.)

முடிவு ஒன்று: காட்சியை எடுக்காதே என்று சரணிடம் சொல்வது. தெருவுக்கு வந்ததுமே சொன்னேன். "அவரு குத்தலைன்னா கதையே இல்லியே சார்" என்றார். உரிமையை எழுதிக் கொடுத்தாகிவிட்டது.

முடிவு இரண்டு: நாயகன் பிரியாணி சாப்பிடுகிறான். யாரும் விசிலடிக்கவில்லை.

முடிவு மூன்று: நான் பத்திரிகைகளைக் கூப்பிட்டு, என் நாவலின் மிகச் சிறந்த வரி

[இதை முடிக்கத் தைரியம் வரவில்லை.]

வருகிற திங்கட்கிழமை படப்பிடிப்பு. அதுவரை முடிவு உங்கள் கையில். கலீல் ரகுமான் அந்த வெள்ளிக்கிழமை எங்கே இருந்தார் என்று உங்களை யாராவது கேட்டால், மாமியார் வீட்டில் என்று சொல்லுங்கள். சிரிக்காமல் சொல்ல முடிகிறதா பாருங்கள்.