செல்லப்பூச்சியின் காது

செல்லப்பூச்சிக்குக் காது கிடையாது. ஆகவே அதைப் புகழ்ந்து நூல் நூற்க வைக்கலாம் என்று நம்புவது மனித குலத்தின் மாபெரும் மடமைகளில் ஒன்று. அப்பாவின் தாடையைத் துணியால் சேர்த்துக் கட்டிக்கொண்டே இதைச் சொன்னான் மகன். கல்லூரியில் விலங்கியல் பாடம் எடுப்பவன். வீட்டில் அவனைப் 'புரொபசர்' என்பார்கள், மரியாதைக்காக அல்ல.

"காது இருக்கோ இல்லையோ, உங்கப்பா உதட்டைப் பாருடா," என்றாள் அம்மா.

தாடை அடங்கிவிட்டது. உதடு அடங்கவில்லை. இடது ஓரம் மேலே ஏறி, ஒரே ஒரு பல் தெரிய, செத்த பிறகும் அப்பா யாரையோ கேவலமாகப் பார்த்துக்கொண்டிருந்தார். யாரை என்பது புரொபசருக்குத் தெரியும். காலையில் கட்டிலோரம் உட்கார்ந்து, தனக்கு முனைவர் பட்டம் வந்துவிட்டதென்று அவன்தான் சொன்னான்.

"எதுக்குக் குடுத்தாங்க?"

"செல்லப்பூச்சியோட காது பத்தி எழுதினதுக்குப்பா."

"அதுக்குத்தான் காதே இல்லைன்னியே?"

"அந்த இல்லாததைப் பத்திதான். முன்னூறு பக்கம்."

அப்பா உதட்டின் ஓரத்தை உயர்த்தினார். இறக்குவதற்குள் உயிர் போய்விட்டது.

நாலு மணிக்குத் துறைத் தலைவர் வருகிறார். பின்னாலேயே பாதிக் கல்லூரி வரும். குனிந்து பார்க்கிற ஒவ்வொருவரும் அந்த உதட்டைப் பார்ப்பார்கள். பார்த்துவிட்டு, "கடைசியா என்ன பேசிட்டிருந்தார்?" என்று அவனிடமே கேட்பார்கள்.

மருந்து, அப்பா செல்லப்பூச்சி வளர்த்த கொல்லைக் கொட்டகையில் இருந்தது. செல்லப்பூச்சி நூற்ற பட்டுத்துணியை முகத்தில் போட்டால் சுளிப்பு, கடுகடுப்பு, ஏளனம் எல்லாம் இஸ்திரி போட்டதுபோல் அடங்கிவிடும். கல்யாணப் போட்டோவுக்கு முன் மாமியார்களும், தேர்தலுக்கு முன் அமைச்சர்களும் வாங்கிப் போவார்கள். பழம் பட்டு உதவாது, அன்றைக்கு நூற்றதாக இருக்கவேண்டும். முக அகலச் சட்டத்தில் விட்டால் பூச்சிகளே குறுக்கும் நெடுக்கும் நடந்து துணியாக அடைத்துத் தந்துவிடும். புகழ்ந்தால் மட்டும். பட்டின் குணத்தைப் புரொபசர் மறுக்கவில்லை. அதற்கு வேதியியல் இருக்கிறது. புகழ்ச்சிக்குத்தான் இல்லை.

"நீயே போய் நாலு வார்த்தை சொல்லேம்மா."

"எனக்கு அந்தப் பாஷை வராதுடா. நாப்பது வருஷமா இந்த வீட்ல அது அதுங்களுக்குத்தான் கிடைச்சுது. எனக்குக் கிடைச்சது 'உப்பு கம்மி'."

அக்காவின் கணவர் மேடைப் பேச்சாளர். தொண்டையைச் செருமிக்கொண்டு உள்ளே போனார். "நூலுலகின் நிலாக்களே! பின்னும் பெருந்தகைகளே!" என்று கொட்டகை அதிர்ந்தது. பூச்சிகள் ஒன்று பாக்கியில்லாமல் திரும்பி முதுகைக் காட்டின.

"என் பேச்சுக்கு ஒரு கூட்டமும் இப்படிப் பண்ணினதில்ல மாப்ளே," என்று வெளியே வந்தார்.

"அதுங்களுக்குப் பிரியாணிப் பொட்டலம் தரேன்னு சொல்லலியே அத்தான்."

"எல்லாருக்கும் பொருந்தறதைச் சொன்னா அதுங்க திரும்பிக்கும்," என்றாள் அம்மா. "உங்கப்பா ஒவ்வொண்ணா உத்துப் பாத்து, அதுக்கு மட்டும் உள்ளதைச் சொல்லுவார்."

"சுத்தப் பைத்தியக்காரத்தனம்," என்றான் புரொபசர்.

மூன்று மணிக்கு, அப்பாவின் மூக்குக்கண்ணாடியைத் தேடப் போவதாகச் சொல்லிவிட்டுக் கொட்டகைக்குள் நுழைந்து கதவைச் சாத்தினான். சின்ன வயதில் இதே கதவுக்கு வெளியே நின்று, "என்ன நடை, என்ன நடை!" என்று அப்பா உள்ளே உருகுவதைக் கேட்டிருக்கிறான். அன்று அவன் கையில் இருந்தது கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்கிய தாள். அப்பா வெளியே வந்து அதை வாங்கிப் பார்த்து, "கோழி கிளறின மாதிரி எழுதியிருக்க," என்றார்.

அப்பாவின் முக்காலி தாழ்வானது. உட்கார்ந்தால் மூக்கு, சட்டம் வைத்த பூச்சித் தட்டுக்கு நேராக வந்தது. நானூறு செல்லப்பூச்சிகளை அவன் அறுத்துப் பார்த்திருக்கிறான். ஒன்றுகூட நடந்து பார்த்ததில்லை.

"உன் மூணாவது கணு மாதிரி," என்று முன்னால் இருந்த பூச்சியிடம் தொடங்கினான், "நான் அறுத்ததுல ஒண்ணுகூட இல்ல."

பூச்சி விறைத்துப்போனது.

வெளியே யாரும் இல்லையே என்று ஒருமுறை பார்த்துக்கொண்டான். பிறகு தட்டை உற்றுப் பார்த்தான், வெகுநேரம். கடைசியில், "நீ திரும்பறப்ப பக்கத்துல இருக்கறதை மிதிக்காம திரும்பற," என்றான். "எங்க வீட்ல யாருக்கும் அது வராது."

சட்டத்தில் ஒரு நூல் விழுந்தது.

"உனக்கு ஒரு கால் குட்டை. ஆனாலும் இலைக்கு முதல் ஆளா வந்துடற."

இன்னொன்று.

அரைமணியில் சட்டம் நிறைந்தது. அம்மா கதவைப் பாதி திறந்து, கையை நீட்டித் துணியை வாங்கிக்கொண்டு போனாள். சற்றுப் பொறுத்துக் கூடத்திலிருந்து அக்காவின் குரல் கேட்டது.

"அடங்கிடுச்சும்மா. யாரோ மாதிரி இருக்கார்."

வாசலில் கார் கதவுகள் சாத்தும் சத்தம். "எங்க நம்ம டாக்டர்?" என்றார் துறைத் தலைவர்.

புரொபசர் முக்காலியை ஒரு முழம் நகர்த்திப் போட்டு, அடுத்த தட்டின் மூடியைத் திறந்தான். மூலையில் மெலிந்த பூச்சி ஒன்று முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தது.

"உனக்கென்ன குறைச்சல்?" என்றான்.