முப்பது நொடி, சத்தத்தோடு

கிட்ட வாங்க கண்ணுங்களா. சுவரில் சாய்ந்துகொண்டு, காலை நீட்டி வசதியாக உட்காருங்கள். இன்றைக்கு உங்களுக்கு ஒரு கார் பந்தயத்தின் கதை சொல்கிறேன். திரைக்குள் ஓடுகிற கார்தான். பெட்ரோல் கேட்காது, கவிழ்ந்தால் கை கால் போகாது. ஆனால் அந்தக் காரை வைத்து ஒரு வீட்டில் எட்டு மாதம் பேச்சு நின்றுபோனது. அது மட்டும் முழுக்க நிஜம்.

அந்த வீட்டுக்காரர் ஒரு கண்ணாடிக் கடையில் வேலை பார்த்தார். கடையின் பின்பக்கம் ஜன்னல் இல்லாத சின்ன அறை. வருகிற லென்ஸை ஃப்ரேமின் அளவுக்குத் தேய்த்து, விளிம்பை மழுக்கி, உள்ளே பொருத்திக் கொடுப்பார். இருபத்திரண்டு வருடமாக அதே வேலை. லென்ஸில் ஒரு புள்ளி இருந்தால் அவரால் தாங்க முடியாது. பேருந்தில் பக்கத்துச் சீட்டுக்காரரின் கண்ணாடி மங்கலாக இருந்தால்கூட, "குடுங்க சார், ஒரு நிமிஷம்" என்று வாங்கித் துடைத்துக் கொடுத்துவிடுவார். ஊரில் அவருக்குப் பெயரே கண்ணாடிக்காரர்தான்.

அவர் மனைவிக்கு ஆஸ்பத்திரியில் வேலை, பதிவுச் சீட்டு எழுதும் மேசையில். அவளுக்கு ஒரே தம்பி. கப்பலில் எலக்ட்ரீஷியன். ஏறினால் பதினோரு மாதம், இறங்கினால் சில மாதம் லீவு. கரையில் இருக்கும் நாட்களில் அவன் தனி அறை எடுத்துத் தங்குவான். ஞாயிற்றுக்கிழமை நாலு மணிக்கு மாமாவும் மச்சானும் அவரவர் வீட்டில் இருந்தபடியே அந்தக் கார் விளையாட்டில் சேர்ந்துகொள்வார்கள். இன்னும் ஆறு பேர் எங்கெங்கோ இருந்து வருவார்கள். மொத்தம் எட்டு வண்டி.

கண்ணாடிக்காரர் ஒருதரம்கூட ஜெயித்ததில்லை. முதல் வளைவிலேயே சுவரில் போய் முட்டிவிடுவார். முட்டுவதற்கு முன்னால் வண்டியிடம் கெஞ்சுவார். "திரும்புடி தங்கம், திரும்பு, என் ராசாத்தி, திரும்பு" என்று. பெற்ற பிள்ளையைக்கூட யாரும் அப்படிக் கெஞ்சமாட்டார்கள். அப்போது மைக் திறந்திருக்கும். எல்லோருக்கும் கேட்கும், எல்லோரும் சிரிப்பார்கள், இவரும் சிரிப்பார். எட்டுப் பேருக்குள் இருந்தவரை அது ஒரு குறையாக அவருக்குத் தோன்றவில்லை.

தம்பிக்காரன் ஒருநாள் அந்த முட்டல்களை எல்லாம் சேர்த்து, ஏழு முட்டல், ஏழு தங்கம், ஒரே வீடியோவாக ஒட்டி, 'எங்க மாமா வண்டி ஓட்டுற அழகு' என்று எழுதிப் போட்டுவிட்டான். கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்றே அவனுக்குத் தோன்றவில்லை. மறுநாள் கண்ணாடிக்காரர் சாணை இயந்திரத்தில் ஒரு லென்ஸைத் திருப்பும்போது, முன்பக்கத்திலிருந்து ஒருத்தன் குரல் கொடுத்தான், "திரும்புடி தங்கம்." கடையே சிரித்தது. அந்த வாரம் முழுக்க அதே பேச்சு. லென்ஸ் வாங்க வந்த ஒரு வாடிக்கையாளர்கூட, "நீங்கதானா அந்தத் தங்கம்" என்று எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

அவன் அதை மூன்றாம் நாளே எடுத்துவிட்டான். அதற்குள் பார்க்க வேண்டியவர்கள் எல்லாம் பார்த்தாகிவிட்டது. கண்ணாடிக்காரர் சண்டை போடவில்லை. மைக்கை மற்றவர்களுக்குக் கேட்காதபடி அடைத்தார். மச்சானிடம் பேசுவதை நிறுத்தினார். அவனும் வீட்டுப் பக்கம் வருவதை நிறுத்தினான். வேடிக்கை என்னவென்றால், ஞாயிறு நாலு மணிப் பந்தயத்தை மட்டும் இரண்டு பேருமே விடவில்லை. பேச்சு இல்லை, போட்டி உண்டு. அக்காக்காரி கேட்டே விட்டாள்: "பேசமாட்டேன்னு சொல்றீங்க, வாராவாரம் அவன் வண்டி பின்னாடியே போறீங்க. இது என்னங்க கோவம்?"

"கோவம் வேற, பந்தயம் வேற" என்றார்.

இப்படியே எட்டு மாதம். இந்தத் தடவை தாமதமாகத்தான் கப்பல் கம்பெனியிலிருந்து அழைப்பு வந்தது. தம்பி ஏற இன்னும் பத்து நாள்தான். இந்தத் தடவை போகிற பாதையில் பாதி நாள் போனே எடுக்காது என்று யாரோ சொல்லி அக்கா கேள்விப்பட்டாள். அவன் சொல்லவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை நாலேகால் மணி. கண்ணாடிக்காரர் திரைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் மேசை போட்டு அக்கா வாரத்துக்கான சீருடைகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். அந்தப் பெட்டியில் நீராவி வரும். அவளுக்கு அதில் நம்பிக்கை கிடையாது. கிண்ணத்தில் தண்ணீர் வைத்து, கையால் அள்ளித் தெளித்துத்தான் தேய்ப்பாள்.

அன்றைக்கு எப்படியோ முதல் வளைவில் அவர் முட்டவில்லை. கடைசிச் சுற்றில் மச்சான் முதலாவது, இவர் இரண்டாவது. பாலத்துச் சரிவில் மச்சானின் வண்டி தடுமாறித் தலைகீழாகக் கவிழ்ந்தது. அந்த விளையாட்டில் கவிழ்ந்த வண்டி பத்து நொடி அப்படியே கிடந்தால் பந்தயத்தை விட்டே வெளியே போய்விடும். இவருக்கு முன்னால் பாதை காலி. முடிவுக் கோடு கண்ணுக்குத் தெரிகிறது.

அப்போதுதான் அக்கா தண்ணீர் தெளித்தாள். ஒரு சொட்டு பறந்து வந்து அவர் கண்ணாடியில் விழுந்தது.

வேறு யாராக இருந்தாலும் அந்தச் சொட்டோடு ஓட்டி ஜெயித்திருப்பார்கள். இவர் கை தானாகவே பட்டன்களை விட்டுவிட்டது. கண்ணாடியைக் கழற்றி, பையிலிருந்த துணியை எடுத்துத் துடைக்க ஆரம்பித்தார். இருபத்திரண்டு வருடப் பழக்கம், எந்தப் பந்தயத்துக்காகவும் காத்திருக்காது. கைவிட்ட வண்டி வேகம் குறைந்து, சரிவில் மெல்ல உருண்டு போய், கவிழ்ந்து கிடந்த வண்டியின் விலாவில் முட்டியது. அது பக்கவாட்டில் புரண்டு நாலு சக்கரத்தில் எழுந்து நின்றது. இவர் வண்டி அதன் பக்கத்திலேயே நின்றுவிட்டது. துடைத்து முடித்து, வெளிச்சத்தில் காட்டிப் பார்த்து, மாட்டிக்கொண்டு நிமிர்ந்தால், மச்சான் கோட்டைத் தாண்டிக்கொண்டிருந்தான்.

அந்த விளையாட்டுப் பெட்டியில் ஒரு வசதி. ஒரு பட்டனை அழுத்தினால் அதற்கு முந்தைய முப்பது நொடி அப்படியே பதிவாகிவிடும், அறையில் பேசிய பேச்சோடு. கண்ணாடிக்காரர் அழுத்தினார். மனைவியிடம் ஆதாரத்தோடு சண்டை போட வேண்டுமே. போட்டுக் காட்டினார். அவள் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

இருட்டுவதற்குள் இன்னொன்று வந்தது. தம்பி அவன் பக்கத்துப் படத்தைப் போட்டிருந்தான். சத்தம் இல்லாத படம். அவன் தலைகீழாகக் கிடக்கிறான். பின்னாலிருந்து ஒரு வண்டி வேகத்தைக் குறைத்து வருகிறது. மெதுவாக, காயம் படாமல் தூக்குகிற மாதிரி அவனை நிமிர்த்துகிறது. பிறகு, நீ முதலில் போ என்பதுபோல ஓரமாக நிற்கிறது. மேலே இரண்டே வார்த்தை: 'எங்க மாமா.'

மறுநாளுக்குள் நாற்பதாயிரம் பேர் பார்த்துவிட்டார்கள். இப்படி ஒரு மாமா நமக்கு வாய்க்கவில்லையே என்று எழுதினார்கள். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது என்று எழுதினார்கள். ஒருத்தன் மட்டும், 'சும்மா நடிப்பு, கை வழுக்கியிருக்கும்' என்று எழுதியிருந்தான். அந்த ஒருத்தனுக்குத்தான் கண்ணாடிக்காரர் மனசுக்குள் நன்றி சொன்னார். கடையில் கல்லாவில் உட்காரும் பெண், "சார், எங்க அம்மா உங்களப் பாக்கணும்னு சொல்றாங்க" என்றாள். அவர் அறைக்குள் போய், ஒரு லென்ஸை அரை மில்லிமீட்டர் கூடுதலாகத் தேய்த்துப் பாழாக்கினார்.

அக்காவுக்குப் போன் வந்தது. "புதன்கிழமை மத்தியானம் வர்றேங்க்கா. வியாழன் காலையில கப்பல்."

"அவன்கிட்ட சொல்லிடணும்" என்றார் கண்ணாடிக்காரர்.

"எதை?"

"தண்ணிய."

"வாயத் திறக்காதீங்க. சொல்லாம இருக்கறது பொய் ஒண்ணும் இல்ல."

"பொய் இல்லதான். பவர் மாறின லென்ஸ மாட்டிக் குடுத்துட்டு, நல்லாத் தெரியுதான்னு கேக்கற மாதிரி."

"எல்லாத்துக்கும் லென்ஸக் கொண்டு வராதீங்க."

"எனக்கு வேற என்ன தெரியும்?"

அவள் மடித்த சீருடையை மறுபடி பிரித்து மடித்தாள். "அவன் மனசு ஒடிஞ்சு கப்பல் ஏறினான்னா, பதினோரு மாசம் நான் எப்படி இருக்கறது? அத மட்டும் நெனச்சுக்குங்க."

அவர் நினைத்துத்தான் பார்த்தார். செவ்வாய்க்கிழமை முழுக்க நினைத்தார்.

புதன்கிழமை தம்பி வந்தான். சோபாவின் நுனியில் உட்கார்ந்தான். எட்டு மாதப் பழக்கம் போகுமா? சாப்பிடும்போதும் இரண்டு பேரும் அக்காவிடமே பேசினார்கள். "மாமாவுக்கு இன்னும் கொஞ்சம் வைக்கா." "அவனுக்குத் தண்ணி வேணுமான்னு கேளு."

"நான் என்ன உங்க ரெண்டு பேருக்கும் தபால்காரியா?" என்றாள் அவள்.

தம்பி தட்டைப் பார்த்தபடி ஆரம்பித்தான். "மாமா, அன்னிக்கு நீங்க நிறுத்தினப்ப..."

"இரு" என்றார் கண்ணாடிக்காரர்.

"என்னங்க, முதல்ல சாப்பிட்டு முடிங்க" என்றாள் அக்கா.

அவர் எழுந்து கை கழுவினார். துடைத்தார். திரையைப் போட்டார். பதிவைத் தேடி எடுத்து, சத்தத்தை நிறைய வைத்தார்.

திரையில் மச்சானின் வண்டி கவிழ்ந்தது. அவர் குரல் கேட்டது. "கவுந்துட்டான். பாத்தியா, உன் தம்பி கவுந்துட்டான். கரப்பான்பூச்சி மாதிரி மல்லாந்து கெடக்கான் பாரு."

"பாவங்க" என்றது அக்கா குரல்.

"பாவமா? எட்டு மாசமா கடையில தலை நிமிர முடியல என்னால. இன்னிக்கு அவன் மூஞ்சி முன்னாடி போறேன் பாரு. வாடி தங்கம், வா... அய்யய்யோ, கண்ணாடி, தண்ணி!"

"ஒரு சொட்டுதானே."

"கறை புடிக்கும்."

கொஞ்ச நேரம் துணி தேய்க்கிற கீச்சு கீச்சு. பிறகு, "எங்க போனான்?"

"எழுப்பி விட்டுட்டீங்க."

"யாரு?"

"நீங்கதான்."

முப்பது நொடி முடிந்தது. தம்பியின் கை தட்டிலேயே காய்ந்துபோயிருந்தது.

"அப்ப நீங்க நிறுத்தல."

"நிறுத்தல."

"தண்ணி."

"தண்ணிதான்."

அவன் முகம் கொஞ்சம் இறங்கியது. அக்கா கரண்டியைப் பிடித்தபடியே நின்றாள். "நான் பண்ணது தப்புன்னு எனக்கு அந்த வாரமே தெரியும் மாமா" என்றான். "எப்படி வந்து சொல்றதுன்னுதான் தெரியல. நீங்க நிறுத்தினதும், சரி, வழி விட்டுட்டாருன்னு நெனச்சேன்."

"வழி கெடச்சுது, வந்துட்ட. யாரு விட்டா என்ன? சொட்டு விட்டுச்சுன்னு வெச்சுக்க."

அவன் திரையைப் பார்த்தான். "இன்னொரு தடவை போடுங்க."

போட்டார். கரப்பான்பூச்சி வந்தபோது அவன் தோள் குலுங்கியது. 'யாரு?' வந்தபோது அடக்க முடியாமல் புரையேறியது. அக்கா தலையில் தட்டினாள். மூன்றாம் தடவை அவனே போட்டுப் பார்த்தான். பிறகு பையிலிருந்து போனை எடுத்தான். எடுத்தவன், கையில் வைத்துக்கொண்டே மாமாவைப் பார்த்தான்.

"மாமா, இத நான் போடட்டுமா?"

கண்ணாடிக்காரர் கண்ணாடியைக் கழற்றினார். அதில் ஒரு புள்ளியும் இல்லை. ஆனாலும் துடைத்தார்.

"வேண்டாம்" என்றார்.

"சரி மாமா."

போனைக் கவிழ்த்து வைத்தான். அவ்வளவுதான். சமாதானம் என்று நடந்தது அந்த நாலு வார்த்தைதான் கண்ணுங்களா. கேட்டான், வேண்டாம் என்றார், வைத்துவிட்டான்.

"மாப்ளே, காஞ்ச கையோட உக்காந்திருக்க. சாப்பாடு வெச்சுக்க" என்றார் கண்ணாடிக்காரர், நேராக அவனைப் பார்த்து. அக்கா உள்ளே போய்விட்டாள். குழாயைத் திறந்து விடுகிற சத்தம் கொஞ்ச நேரம் கேட்டது.

புறப்படும்போது அவன் கேட்டான். "எனக்கு மட்டும் ஒண்ணு அனுப்புங்க மாமா. கப்பல்ல பாத்துக்கறேன். யாருக்கும் காட்டமாட்டேன்."

"காட்டினா?"

"கரப்பான்பூச்சின்னு கூப்பிடுங்க."

"அது இப்பவே கூப்பிடலாம்" என்று சொல்லிக்கொண்டே அனுப்பினார். "அந்த நாப்பதாயிரம் பேருக்கு என்ன சொல்றது?"

"அவங்க யாரும் சாப்பிட வரலையே மாமா."

வியாழன் காலையில் அவன் கப்பல் ஏறினான். அடுத்த ஞாயிறு ஏழு வண்டிதான். கண்ணாடிக்காரர் முதல் வளைவிலேயே சுவரில் முட்டினார். நின்று, பதிவு பட்டனை அவரே அழுத்தினார். சத்தத்தோடு, முப்பது நொடி. உலகத்தில் ஒரே ஒருத்தனுக்கு அனுப்பினார்.

போய்ச் சேர்ந்ததா என்று தினமும் பார்த்தார். பன்னிரண்டு நாள் ஒன்றும் இல்லை. பதின்மூன்றாம் நாள், அறைக்குள் லென்ஸ் தேய்த்துக்கொண்டிருந்தபோது போன் அதிர்ந்தது. ஏதோ துறைமுகத்திலிருந்து: 'திரும்புடி தங்கம்.'

அவர் சிரித்த சத்தம் கேட்டு, முன்பக்கத்திலிருந்து கல்லாப் பெண் வந்து எட்டிப் பார்த்தாள்.

கதை அவ்வளவுதான். கேட்ட நீங்கள் எல்லோரும் நல்லா இருக்கணும். உங்கள் வீட்டை விட்டுக் கோபித்துக்கொண்டு போன காலெல்லாம் திரும்பி வந்து உங்கள் வாசலில் செருப்பைக் கழற்றட்டும். உங்கள் தட்டில் சோறும், பக்கத்துத் தட்டில் ஆளும் எப்போதும் இருக்கட்டும்.