வெட்டுன துண்டு

தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தி மேசையில் இறங்கியது. கிருஷாந்தியின் சுண்டுவிரல் மயிரிழையில் தப்பியது.

"நீ வெட்டுறியா, நா வெட்டவா?" என்றான் தோட்டத்துக் கங்காணி சிவசாமி.

மஸ்கெலியாவில் அவள் கல்யாண வீடியோ எடுத்து, கம்ப்யூட்டரில் தொகுத்துக் கொடுப்பவள். பழைய படக் கேசட்டுகளும் வாடகைக்கு விடுவாள். உரிமைக்காரரின் கடிதம் இல்லாத படத்தைக் கடையில் சேர்க்கமாட்டாள். போன வாரம் சிவசாமியின் மகள் கல்யாணம். ஊர்வலத்துக்கு வழிவிடவில்லை என்று கிருஷாந்தியின் அண்ணன் சோலைமலையின் கையில் சிவசாமி கத்தியை இறக்கினான். மூன்று விரல்கள் போயின. 'அவனே வெட்டிக்கிட்டான்' என்று பொலிசில் எழுதியாயிற்று. திங்கட்கிழமை வழக்கு.

தான் எடுத்த அந்தக் கல்யாணக் கேசட்டைக் கம்ப்யூட்டரில் ஏற்றியபோதுதான், மாப்பிள்ளையின் தோளுக்குப் பின்னால் அந்த வெட்டு பதிவாகியிருப்பதைக் கிருஷாந்தி கண்டாள். வீடியோ கேட்டு வந்து நின்ற சிவசாமியும் கண்டுவிட்டான்.

"எம் மக கல்யாணம் முழுசா வேணும். அது மட்டும் இருக்கக்கூடாது."

முடியைப் பிடித்து அவள் நெற்றியை மேசையில் மோதினான். இரத்தம் கண்ணில் இறங்க, அவள் வெட்டினாள். திரையில் ஊர்வலம் ஒரு துள்ளலில் தொழிலாளர் லய வீடுகளைத் தாண்டியது.

"கவ்வாத்து பண்ண மாதிரி சுத்தம்! துண்டு எங்கடி?"

அவளுக்குச் சட்டென்று விளங்கியது. சிவசாமி முன்பு ஹட்டன் தியேட்டரில் படப்பெட்டி தூக்கியவன். அங்கே பிலிமை பிளேடால் அறுத்து, வேண்டாததைக் கூடையில் போட்டு, மிச்சத்தைப் பசையால் ஒட்டுவார்கள். அறுத்தது போனதுதான். வீடியோ வந்தபின் யாரும் நாடாவை அறுக்கவில்லை. ஒரு டெக்கில் ஓடவிட்டு, வேண்டியதை மட்டும் இன்னொன்றில் பதிந்தார்கள். கம்ப்யூட்டரோ அதையும் தாண்டியது. எதைக் காட்டுவது, எதைத் தாண்டுவது என்று ஒரு பட்டியல் மட்டும் வைத்துக்கொள்ளும். ஏற்றிய படம் உள்ளே அப்படியே கிடக்கும்.

இதையெல்லாம் யாராவது கேட்டால் அரை மணி நேரம் விளக்குபவள், இப்போது அவன் கண்ணில் படாமல் மேசைக்கடியில் குனிந்தாள். பழைய கேசட் ஒன்றை உடைத்து, இரண்டு முழம் நாடாவைக் கத்தரித்து நீட்டினாள்.

"இந்தாங்க கங்காணி."

அவன் அதை அங்கேயே கொளுத்தினான். "ஒங்கண்ணனுக்கு இன்னும் ஏழு வெரலு இருக்குன்னு சொல்லு." அவள் விலாவில் ஓர் உதை விட்டுப் படியிறங்கினான்.

கதவைத் தாழிட்டு அவள் ஊர்ந்து வந்தாள். கவ்வாத்து செய்த தேயிலை மறுபடி தழைக்கும் என்பதைக் கங்காணிக்குச் சொல்லியா கொடுக்க வேண்டும்? வெட்டை மீட்கும் விசையை அழுத்தினாள். ஊர்வலம் நீண்டது. மாப்பிள்ளையின் தோளுக்குப் பின்னால் கத்தி உயர்ந்தது.

புதுக் கேசட்டை டெக்கில் தள்ளி, பதிவை அழுத்தினாள்.