பெல்சி பேசிய பேய்

1

இந்தக் கதை எனக்கு ஒரு சிரிப்பில் கிடைத்தது. வெளிநாட்டுப் பேய்ப்படம், இந்தியில் பேசுகிறது. பேய் பிடித்த வெள்ளைக்காரச் சிறுமி பல்லிபோல் சுவரில் ஏறி நின்று, விரட்ட வந்த பாதிரியாரிடம், “தாங்கள் வீணாகச் சிரமப்படுகிறீர்கள், ஓஹோ” என்கிறாள். செய்தி வாசிக்கிற இந்தி. உடனே எழுத உட்கார்ந்தேன்:

மரியாதை தெரிந்த பேய் ஒன்று ஒரு வீட்டில்...

வேண்டாம். அந்தப் பேய்க்கு இந்தியில் குரல் கொடுத்தவளை நினைத்ததும் சிரிப்பு வற்றிவிட்டது. அவளைப் பெற்றவர்களை அமராவதிபுதூரில் குடிவைத்தேன்.

2

அற்புதம்மாள். கணவர் வளன், பட்டாளத்திலிருந்து ஓய்வுபெற்றவர். ஒரே மகள் பெல்சி. ராணுவக் குடியிருப்புகளில் வளர்ந்தவளுக்கு இந்தி தண்ணீர் பட்ட பாடு. மும்பையில் டப்பிங் பேசினாள். அற்புதம்மாளுக்கோ காய்கறி வாங்கும் அளவுக்குத்தான் இந்தி.

“வசனம் முடிஞ்சிருது, அந்தப் பிள்ளை வாய மூட மாட்டேங்குதும்மா. அதான் ‘ஓஹோ’ போட்டு ரொப்பிட்டேன்” என்று பேய்க்குப் பேசிய கதையைப் போனில் சொன்னாள் பெல்சி.

“பூசைக்குப் போற பிள்ளை பேசுற பேச்சா இது?” என்று கேட்ட அற்புதம்மாளுக்கே சிரிப்பு வந்துவிட்டது.

படம் வெளிவருமுன் பெல்சி இறந்துபோனாள். (விபத்து என்று எழுதினேன். அடித்துவிட்டுக் காய்ச்சல் என்றேன். எப்படி எழுதினாலும் இறந்துவிடுகிறாள்.)

3

படம் யூடியூபில் வந்தது. அடக்கத்திற்குப் பிறகு அற்புதம்மாள் முதன்முதலாகச் சிரித்தது அந்த ‘ஓஹோ’வுக்குத்தான். சிரிப்பு எந்த இடத்தில் அழுகையானது என்று பக்கத்தில் இருந்த வளனுக்கே தெரியவில்லை.

அதன்பின் தினமும் பார்த்தாள். பாதிரியார் தீர்த்தச் செம்பைத் தூக்கியதும் நிறுத்திவிடுவாள்.

“முழுசாப் பாரேன், அற்புதம்.”

“அவர் தெளிச்சா அவ போயிருவா.” செபமாலையை உருட்டிக்கொண்டே கேட்டாள்: “பேயி செயிக்கணும்னு மனசு கெடந்து அடிக்குது. இதப் பாவசங்கீர்த்தனத்துல சொல்லணுமா?”

வளன் படத்தைக் கொஞ்சம் பின்னுக்கு ஓட்டினார்.

“நிறுத்துறதுக்கு முன்னாடி என்னமோ கத்துறாளே, என்ன சொல்றா?”

“வெயில்ல அலையாதீகன்னு சொல்றா.”

“பொய் சொல்லாதீக. நாசம்னு காதுல விழுந்துச்சு. பரவால்ல. வையுறதும் அவதான” என்றாள்.

4

வளனுக்குத் தெரிந்த ஒன்று அவளுக்குத் தெரியாது. அவள் கோயிலுக்குப் போயிருந்தபோது அவர் மீதிப் படத்தையும் பார்த்துவிட்டார். பேய் போனபின் சிறுமி கண் விழித்து, “அம்மா, பசிக்குது” என்கிறாள். அதுவும் பெல்சிதான். கரகரப்பு இல்லாத, அவளுடைய சொந்தக் குரல்.

சொல்லிவிட்டால் அவள் அதை மட்டும் ஓட்டிப் பார்ப்பாள் என்று ஒரு முடிவு எழுதினேன். ஆனால் வளனால் சொல்ல முடியவில்லை. (அந்தக் குரலைக் கேட்டபிறகு அவர் அன்று சாப்பிடவில்லை. அவள் தாங்குவாளா?)

ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் வளன் சொன்னார்: “இன்னிக்குக் கடைசிவரைக்கும் பாப்போம். நான் பக்கத்துல இருக்கேன்ல.”

அவள் செபமாலையை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தாள். படம் ஓடியது. பாதிரியார் செம்பைத் தூக்கினார். அவள் விரல் ரிமோட் பொத்தானுக்குப் போய்

போய், அங்கேயே நிற்கிறது. அழுத்தாதே என்று எழுதிவிட எனக்கு ஒரு நிமிஷம் ஆகாது. ஆனால் நான் எழுதினவன்தான். பெற்றவள் அவள். நீங்கள் வேண்டுமானால் ஒரு வார்த்தை சொல்லிப் பாருங்கள், அவளிடம்.